நிர்வாகக் காரணங்களுக்காக

தட்காவ், நந்துர்பார் மாவட்டம்
16 பிப்ரவரி 2025

அன்புள்ள மச்சானுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். நான் சுகமாக வந்து சேர்ந்தேன். நீங்களும் மகளும் சுகமா? ஜுவைரியாவின் இருமல் நின்றதா?

கல்யாணமான இருபத்தொரு வருடத்தில் உங்களுக்கு நான் எழுதும் முதல் கடிதம் இது. சிரிக்காதீர்கள். இங்கே போன் சிக்னல் பஸ் ஸ்டாண்டு மாடியில் மட்டும்தான் வருகிறது. அதுவும் இரண்டு நிமிடத்துக்கு மேல் நிற்பதில்லை. போதாததற்கு, கேஸைப் பற்றி இனிமேல் போனில் ஒரு வார்த்தையும் கூடாது என்று சுப்புலக்ஷ்மி மேடம் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார்கள். அலுவலகத் தோழிக்கு நான் வாட்சப்பில் எழுதியதுதானே இன்று குற்றப்பத்திரிகையில் ஐந்தாவது தாளாக உட்கார்ந்திருக்கிறது!

நடந்ததை வரிசையாக எழுதித் தரும்படியும் கேட்டார்கள். இந்தக் கடிதத்தை மாதுங்காவில் அவர்கள் வீட்டுக்குக் கொண்டுபோய்க் காட்டுங்கள். மேடம் என் பழைய சூப்பிரண்டெண்ட். ரிட்டையராகி எட்டு வருடமாகியும் சர்வீஸ் விதிகளைப் பக்க எண்ணோடு சொல்வார்கள். பயப்படாதீர்கள், கடிக்க மாட்டார்கள்.

மேடத்துக்காக: போன அக்டோபரில் எங்கள் செம்பூர் அலுவலகத்துக்கு ஒரு டெண்டர் உறை, கடைசி நாள் கழிந்து இரண்டு நாள் தாமதமாக வந்தது. வரும் தபாலைப் பதியும் இன்வர்ட் பதிவேடு என் பொறுப்பு. முந்தைய தேதி போட்டு வாங்கிக்கொள்ளும்படி துணை இயக்குநர் சொன்னார். நான் வந்த தேதியையே போட்டேன். நவம்பரில், உத்தரவுக்குக் கீழ்ப்படியவில்லை, ஒரு ஃபைலைத் தொலைத்தேன் என்று குற்றப்பத்திரிகை வந்தது. ஜனவரி 20-ம் தேதி, அந்தப் பதிவேட்டை நான் பார்க்க வேண்டும் என்று விசாரணை அதிகாரிக்கு எழுதிக் கொடுத்தேன். 27-ம் தேதி, ‘நிர்வாகக் காரணங்களுக்காக’ என்று இரண்டே வார்த்தையில் காரணம் போட்டு மாறுதல் உத்தரவு வந்தது. அந்த நாற்காலியில் நான் உட்கார்ந்து ஒன்றரை வருடம்கூட ஆகவில்லை.

பதிவேடு செம்பூரில் இருக்கிறது. நான் சாத்புரா மலையில் இருக்கிறேன். இங்கிருந்து எதைப் பார்ப்பது, எப்படி வாதாடுவது?

‘உத்தரவை மீறாதே. போய்ச் சேர்ந்துவிட்டு வழக்குப் பேசு’ என்று மேடம் சொன்னபடி சேர்ந்துவிட்டேன். தீர்ப்பாயத்தில் போட வேண்டிய மனுவில் கையெழுத்துப் போட்டு, மேடத்தின் மருமகள் வக்கீல் மானசாவிடம் கிளம்பும்போதே கொடுத்துவிட்டேன்.

பருப்பு மேல் தட்டில் இருக்கிறது. மிளகாய்த்தூள் சிவப்பு மூடி டப்பாவில்.

துஆவில் என்னை நினைத்துக்கொள்ளுங்கள்.
ருக்சானா


தாராவி
1 மார்ச் 2025

ருக்சானாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். நாங்கள் நலம். நீ நலமா. கடிதம் கிடைத்தது.

நான் தமிழில் கடைசியாக எழுதியது முனிசிபல் பள்ளியில் நாலாம் வகுப்பில். தப்பு இருந்தால் நீயே திருத்தி வைத்துக்கொள்.

இருமல் போய்விட்டது. ஜுவைரியாவுக்குத் தமிழ் படிக்க வராது. அதனால் நான்தான் வாசித்துக் காட்டினேன். ஒரு பக்கத்துக்கு அரை மணி நேரம் ஆனது. “வாப்பா, இதுக்கு நேர்ல போயே கேட்டுட்டு வந்துரலாம்” என்கிறாள்.

மாதுங்கா போனேன். மேடம் காபி கொடுத்தார்கள். என்னிடம் நிறைய கேள்வி கேட்டார்கள். எனக்கு எதற்கும் பதில் தெரியவில்லை. “இருபது வருஷமா உங்க மனைவி என்ன வேலை பாக்கறான்னு உங்களுக்குத் தெரியாதா?” என்றார்கள்.

சிவப்பு மூடி டப்பா இரண்டு இருக்கிறது. ஒன்றில் மிளகாய்த்தூள். இன்னொன்றில் நீ தலைக்குப் போடும் மருதாணித்தூள். இதையும் எழுதியிருக்கலாம். குழம்பு வீணாய்ப் போனது.

நாளை முதல் நோன்பு.

காசிம்


தட்காவ்
12 மார்ச் 2025

அன்புள்ள மச்சானுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். நோன்பு எப்படிப் போகிறது? உடம்பு தாங்குகிறதா?

மருதாணிக் குழம்பைப் படித்து நான் சிரித்த சிரிப்பில் வீட்டுக்காரம்மா பயந்து ஓடி வந்துவிட்டார். அவருக்கு மராத்தியில் விளக்கிச் சொன்னேன். அவர் தன் மகளுக்குப் பாவ்ரி மொழியில் சொன்னார். இப்போது இந்தத் தெருவுக்கே உங்களைத் தெரியும்.

இங்கே அலுவலகம் என்றால் ஒரு ஓட்டுக் கட்டடமும் மூன்று பேரும்தான். காலையில் மலையிலிருந்து மூன்று மணி நேரம் நடந்து இறங்கி வருகிறார்கள், ஒரே ஒரு சீலுக்காக. முன்பெல்லாம் ‘நாளை வா’ என்று அனுப்பிவிடுவார்களாம். நான் வந்த பிறகு அன்றைக்கே சீல் போட்டுக் கொடுக்கிறேன். நேற்று ஒரு பெண் நம்பாமல், திரும்பவும் சன்னலுக்கு வந்து, “முடிஞ்சிருச்சா? நான் போகலாமா?” என்று கேட்டாள். போகலாம் என்றதும் என் மேசையில் ஒரு கைப்பிடி மிளகாயை வைத்துவிட்டு ஓடிவிட்டாள். விதியில் இதற்கு என்ன சொல்லியிருக்கிறது என்று மேடத்திடம் கேட்க வேண்டும்.

ஹோலி நெருங்குகிறது. ஆண்கள் மயில் பீலிக் கிரீடம் வைத்து, இடுப்பில் மணி கட்டி ஒத்திகை பார்க்கிறார்கள். நோன்பு திறக்கும் நேரத்துக்கு வீட்டுக்காரம்மா பப்பாளி நறுக்கி வைத்துவிடுகிறார்.

ஒன்றை எழுதாமல் விட்டுவிடலாம் என்றுதான் நினைத்தேன். குற்றப்பத்திரிகை வந்த அன்று நீங்கள் என்னிடம், “ஒரு தேதிதானே? போட்டுட்டு வந்திருக்க வேண்டியதுதானே?” என்று கேட்டீர்கள். அன்றிலிருந்து தாதரில் ரயில் ஏறும்வரை பால், பருப்பு, கரண்டு பில் தவிர நாம் வேறெதுவும் பேசவில்லை. அதை மறந்துவிட்டேன் என்று இங்கே எழுதினால், அதுவும் பொய்த் தேதி போட்ட மாதிரிதான்.

இந்த வரிகளை மகளுக்கு வாசிக்க வேண்டாம்.

உங்கள் நலம் நாடும்
ருக்சானா


தட்காவ்
3 ஏப்ரல் 2025

அன்புள்ள மச்சானுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். பெருநாள் வாழ்த்துகள். எல்லோரும் சுகம்தானே?

மூன்று வாரமாக உங்களிடமிருந்து பதில் இல்லை. தபால்காரரிடம் கேட்டேன். ‘வந்தால் உங்கள் கடிதத்தை நான் தின்றுவிடவா போகிறேன்?’ என்கிறார். பெருநாளன்று பஸ் ஸ்டாண்டு மாடியில் நின்று போன் செய்தேன். ஜுவைரியாதான் எடுத்தாள். “வாப்பா வெளிய போயிருக்காங்கம்மா” என்றாள். அதற்கு முந்திய இரண்டு தடவையும் இதையேதான் சொன்னாள். பெருநாள் மத்தியானம் எங்கே போனீர்கள்?

இங்கே பிரியாணி செய்தேன். அலுவலகத்தார், வீட்டுக்காரம்மா, தபால்காரர் எல்லோரும் சாப்பிட்டார்கள். நீங்கள் இருந்திருந்தால் ‘உப்பு ஒரு சிட்டிகை கம்மி’ என்றிருப்பீர்கள். உண்மையிலேயே கம்மிதான்.

ருக்சானா


தாராவி
24 ஏப்ரல் 2025

ருக்சானாவுக்கு,

வ அலைக்கும் அஸ்ஸலாம். நாங்கள் சுகம். தாமதத்துக்கு மன்னித்துக்கொள். ஜூனில் பள்ளிக்கூடம் திறப்பதால் பட்டறையில் பை ஆர்டர் அதிகம். அதிலும் நாலு நாள் பட்டறை மூடியிருந்தது. காரணம் ஒன்றுமில்லை.

எல்லா வரிகளையும் மகளுக்கு வாசிக்கவில்லை.

பெருநாளன்று உன் மாமன் மகன் வீட்டுக்குச் சான்பாடா போயிருந்தேன். ரொம்ப நேரம் பேசிக்கொண்டிருந்துவிட்டேன்.

எனக்குச் சில சந்தேகம். ஒரு துணை இயக்குநருக்கு மேலே யார்? அவருக்கும் மேலே யார்? ஃபைலில் ஓரமாகப் பேனாவால் எழுதுகிறார்களே, அதற்கு என்ன பெயர்? ‘முன் ஒப்புதல்’ என்றால் வேலை நடப்பதற்கு முன்னால் வாங்குவதா, அல்லது முன்னால் போய் நின்று வாங்குவதா? சும்மா தெரிந்துகொள்ளத்தான் கேட்கிறேன்.

நான் இப்போது நன்றாகக் குழம்பு வைக்கிறேன். மகள் இரண்டாம் தடவை வாங்கிச் சாப்பிட்டாள்.

காசிம்


தட்காவ்
3 மே 2025

அன்புள்ள மச்சானுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். உங்கள் கடிதம் கண்டேன். நீங்கள் ஒரு பக்கம் முழுக்க எழுதியிருக்கிறீர்கள்! எழுத்துப் பிழை ஏழுதான்.

என் மாமன் மகன் போன வருடமே சான்பாடாவைக் காலி செய்துவிட்டு ஊருக்குப் போய்விட்டான். நீங்கள் யார் வீட்டில் அவ்வளவு நேரம் பேசிக்கொண்டிருந்தீர்களோ தெரியவில்லை. கேட்கவும் போவதில்லை.

சந்தேகங்களுக்குப் பதில்: துணை இயக்குநருக்கு மேலே இணை இயக்குநர், அவருக்கு மேலே இயக்குநர். ஓரத்தில் எழுதுவதற்குக் குறிப்பு என்று பெயர். முன் ஒப்புதல் என்றால் வேலைக்கு முன்னால். இதெல்லாம் பை தைக்க எதற்கு?

இங்கே மாங்காய்க் காலம். வீடு வீடாகப் பச்சை மாங்காயைச் சீவி மலைச்சரிவில் காய வைக்கிறார்கள். தூரத்திலிருந்து பார்த்தால் மலை முழுக்க யாரோ வேட்டி உலர்த்தியது போல இருக்கிறது. பாறையில் உட்கார்ந்து நானும் சீவினேன். விரல் நகமெல்லாம் புளிக்கிறது.

ஒரு முடிவைச் சொல்ல வேண்டும். ஜூன் 10-ம் தேதியோடு எனக்கு இருபது வருட சர்வீஸ் முடிகிறது. விருப்ப ஓய்வுக்கு எழுதிக் கொடுக்கலாம் என்று நினைக்கிறேன். விண்ணப்பம் எழுதி வைத்துவிட்டேன். தீர்ப்பாயத்தில் இரண்டு தடவை வாய்தா போய்விட்டது. விசாரணையும் நான் இல்லாமலே ஓடிக்கொண்டிருக்கிறது. மகள் அங்கே, நான் இங்கே. அவர்களுக்கு வேண்டியது நான் போய்விடுவதுதானே? போய்விடுகிறேன். நீங்கள் அன்று சொன்னதுதான் சரியோ என்னவோ.

ருக்சானா


மாதுங்கா
12 மே 2025

சௌபாக்யவதி ருக்சானாவுக்கு,

அநேக ஆசீர்வாதம். நான் சௌக்கியம். முழங்கால் மட்டும் சௌக்கியமில்லை.

உன் கடிதத்தை எடுத்துக்கொண்டு உன் வீட்டுக்காரர் நேற்றுக் காலை ஓடி வந்தார். செருப்பு இரண்டும் வேறு வேறு. “மேடம், இவ விட்டுட்டு வந்துருவா போலருக்கு” என்று சோபாவின் நுனியில் உட்கார்ந்துவிட்டார். உன்னிடம் சொல்லக் கூடாது என்று என்னிடம் சத்தியம் வாங்கியிருந்தார். நான் அரசு ஊழியராக இருந்தபோது எடுத்துக்கொண்ட சத்தியம் ஒன்றுதான். இதை நான் மீறலாம்.

மார்ச் நடுவில் ஒரு நாள் உன் மனிதர் வந்து, “ஏன் மாத்துனாங்கன்னு அவங்க எழுதியிருப்பாங்கல்ல, அந்தக் காகிதத்தை நான் பார்க்கணும். எங்க போய்க் கேக்கணும்?” என்றார். தகவல் உரிமை மனு போடலாம் என்றேன். எழுதிக் கொடுக்கவா என்று கேட்டதற்கு, “வேண்டாம் மேடம், நானே எழுதுதேன், சொல்லிக் குடுங்க” என்றார். மராத்தியில் ஒரு பக்க மனுவை என் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து ஏழு தடவை எழுதினார். ஏழாவதுதான் தேறியது. அதை எடுத்துக்கொண்டு செம்பூர் போனார். முதல் நாள் ஸ்டாம்ப் ஒட்டவில்லை என்று திருப்பினார்கள். இரண்டாம் நாள் அதிகாரி இல்லை. மூன்றாம் நாள் சன்னலில் இருந்தவர், “நீங்க யாரு? அந்தம்மாவுக்கு என்ன உறவு?” என்று கேட்டாராம். இவர் சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு, “நான் குடிமகன் சாப்” என்று சொல்லியிருக்கிறார். அந்த வசனத்தை என் வரவேற்பறையில் நின்று நாலு தடவை ஒத்திகை பார்த்தவர் அவர். பெருநாள் மத்தியானம் எங்கே போனார் என்று கேட்டாயாமே? மனுவில் நம்பர் தப்பாகப் போட்டிருக்கிறோமோ என்று பயந்து நகலை எடுத்துக்கொண்டு என்னிடம்தான் வந்தார். கையில் ஒரு தூக்கு நிறையச் சேமியா.

முப்பதாவது நாள் காகிதம் கிடைத்துவிட்டது. அதில் இருப்பதை இங்கே எழுத மாட்டேன். மானசா தீர்ப்பாயத்தில் காட்டுவாள்.

ஒன்று புரிந்துகொள். விசாரணை நடக்கிறவரை மாற்றவே கூடாது என்று எந்த விதியும் சொல்லவில்லை. சாட்சியைக் கலைத்துவிடுவாள் என்று அவர்கள் பயந்தால் மாற்றலாம். ஆனால் பயந்தோம் என்று காகிதத்தில் எழுதியிருக்க வேண்டும். மூன்று வருடம் முடியுமுன் ஒருவரை நாற்காலியிலிருந்து எழுப்பினால், விசேஷக் காரணத்தைப் பதிந்து அடுத்த மேலதிகாரியின் ஒப்புதலை முன்கூட்டியே வாங்கியிருக்க வேண்டும். குற்றம் நிரூபணமாகுமுன் மாறுதலையே தண்டனையாகக் கொடுக்கக் கூடாது. இது சலுகை இல்லை அம்மா, உன் உரிமை. விருப்ப ஓய்வு வாங்கினால் ஜெயிப்பது யார்? பதிவேட்டில் பொய்த் தேதி கேட்டவர்.

அந்த விண்ணப்பத்தை அடுப்பில் போடு.

ஆசிகளுடன்
சுப்புலக்ஷ்மி


தட்காவ்
24 மே 2025

என் மச்சானுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும்.

விண்ணப்பத்தை அடுப்பில் போட்டேன். அதில் டீ போட்டுக் குடித்தேன். ரொம்ப ருசி.

மேடத்தின் கடிதத்தைப் பஸ் ஸ்டாண்டில் நின்றபடியே படித்தேன். ‘நான் குடிமகன் சாப்’ என்ற இடத்தில் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது, சிரிப்பிலா வேறெதிலா தெரியவில்லை. ரேஷன் கடைக்குக்கூட என்னை முன்னால் நிற்க வைத்துப் பின்னால் நிற்பவர் நீங்கள். என் அலுவலகத்து ஆண்டு விழாவுக்கு ஒரு தடவையாவது வாருங்கள் என்று கூப்பிட்டுக் கூப்பிட்டு அலுத்தவள் நான். அந்தக் கட்டடத்துக்குத் தனியாகப் போய் வரிசையில் நின்றீர்களா? அதுவும் நாலு நாள், பை சீசனில்?

இதை மேடம் சொல்லித்தான் நான் தெரிந்துகொள்ள வேண்டுமா? உங்கள் வாயாலேயே, இல்லை, உங்கள் கையாலேயே, கொஞ்சம் எழுதுங்கள். பிழை எவ்வளவு இருந்தாலும் எண்ண மாட்டேன்.

இங்கே முதல் மழை பெய்துவிட்டது. நேற்றுவரை மண் நிறத்தில் இருந்த மலை இன்று காலை பச்சை பிடிக்க ஆரம்பித்திருக்கிறது. வீட்டுக்காரம்மா என் முகத்தைப் பார்த்துவிட்டு, ‘வீட்டுக்காரர் கடிதமா?’ என்றார். இல்லை, என் சூப்பிரண்டெண்ட் கடிதம் என்றேன். நம்பவில்லை.

உங்கள்
ருக்சானா


தாராவி
12 ஜூலை 2025

என் ருக்சானாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். நாங்கள் எல்லோரும் ரொம்ப ரொம்ப சுகம். நீயும் இதைப் படித்து முடிக்கும்போது அப்படித்தான் இருப்பாய். நேற்று போனில் ‘ஜெயிச்சாச்சு’ என்று சொல்வதற்குள் லைன் போய்விட்டது. உனக்குக் கேட்டதா இல்லையா தெரியவில்லை. அதனால் முழுசாக எழுதுகிறேன்.

பத்தாம் தேதி தீர்ப்பாயத்தில் கேஸ். மழை. குர்லாவில் தண்டவாளத்தில் தண்ணீர் என்று ரயில் நின்றுவிட்டது. நானும் மேடமும் டாக்சியில் போனோம். மேடம் முழங்காலைப் பிடித்துக்கொண்டு, “இருபத்திரண்டு வருஷம் சர்வீஸ் கேஸ் பாத்தவ நான், இன்னிக்கு மழை என்னை நிறுத்துமா?” என்றார்கள்.

எங்கள் கேஸ் பதினாலாவது. எனக்கு இங்கிலீஷ் பாதிதான் புரிந்தது. மீதியை மேடம் காதில் சொன்னார்கள். அரசு வக்கீல் எழுந்து, நிர்வாகக் காரணங்களுக்காக மாற்றினோம் என்றார். மேலே உட்கார்ந்திருந்தவர் கண்ணாடியைக் கழற்றினார்.

“அது காரணத்துக்கு நீங்க வெச்ச பேர். காரணம் எங்கே?”

அரசு வக்கீல் ஃபைலைப் புரட்டினார். புரட்டிக்கொண்டே இருந்தார். அப்போது நம்ம மானசா அமைதியாக எழுந்து, நான் வாங்கிய காகிதத்தைக் கொடுத்தாள். ஓரத்தில் துணை இயக்குநர் கைப்பட எழுதியிருந்ததை மேலே இருந்தவர் சத்தமாக வாசித்தார்: ‘பதிவேட்டைக் கேட்டு விசாரணையில் தொந்தரவு செய்கிறார். பாடம் புகட்ட வெளியே அனுப்பலாம்.’

கோர்ட்டில் ஒரு ஆள் சிரித்துவிட்டார். மேலே இருந்தவர் சிரிக்கவில்லை. “விசாரணை முடியறதுக்கு முன்னாடியே பாடமா? தன் பக்கத்து ஆவணத்தைக் கேட்டது தொந்தரவா?” என்றார். அப்புறம் கடைசித் தாளைப் பார்த்தார். இயக்குநரின் முன் ஒப்புதல். அதில் தேதி பிப்ரவரி 6. உன்னை மாற்றிய உத்தரவு ஜனவரி 27. “பத்து நாள் கழிச்சு வாங்கினதுக்கு முன் ஒப்புதல்னு பேரா?” என்று கேட்டார். அவ்வளவுதான். மாறுதல் ரத்து. நாலு வாரத்துக்குள் உன்னைப் பழைய இடத்தில் சேர்க்க வேண்டும். விசாரணையை அவர்கள் தாராளமாக நடத்தலாம், ஆனால் நீ கேட்ட எல்லாவற்றையும் உனக்குக் காட்டித்தான் நடத்த வேண்டும்.

வெளியே வந்து மேடம் என் கையைப் பிடித்துக் குலுக்கினார்கள். நான் தாழ்வாரத்து பெஞ்சில் உட்கார்ந்துவிட்டேன்.

ருக்சானா, உன் மார்ச் மாதக் கடிதத்துக்கு நான் இன்னும் பதில் எழுதவில்லை. எழுத வரவில்லை. எழுத்துத் தெரியாததால் இல்லை. இப்போது எழுதுகிறேன். ‘ஒரு தேதிதானே’ என்று நான் சொன்னேன். நேற்று முன்தினம் அந்த அறையில் அவர்களைத் தோற்கடித்தது ஒரு தேதிதான். தேதி என்றால் என்ன என்று உனக்குத் தெரிந்திருந்தது. எனக்குத் தெரியவில்லை. பயத்தில் பேசினேன். நீ தப்புச் செய்யவில்லை என்று அன்றே எனக்குத் தெரியும். தெரிந்தும் அதைச் சொல்லவில்லை. அதுதான் என் தப்பு.

இந்தக் கடிதத்தை மகளுக்கு வாசித்துக் காட்டினேன். எல்லா வரியையும் வாசித்தேன். அவள் எழுந்து போய் முகம் கழுவிவிட்டு வந்து, “வாப்பா, நெக்ஸ்ட் மந்த்லேர்ந்து எனக்குத் தமிழ் சொல்லிக் குடுங்க. உங்க லெட்டரை நானே படிக்கணும்” என்றாள்.

எப்போது வருகிறாய்? தாதருக்கு வந்து நிற்கிறேன்.

உன்
காசிம்


தட்காவ்
19 ஜூலை 2025

என் மச்சானுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். போனில் ‘ஜெயி’ வரை கேட்டது. அதுவே போதுமாக இருந்தது.

உங்கள் கடிதத்தை எத்தனை தடவை படித்தேன் என்று சொல்ல மாட்டேன். மனதில் வருத்தம் எதுவும் மிச்சமில்லை.

தாதருக்கு வர வேண்டாம். இங்கே வாருங்கள். மகளையும் கூட்டிக்கொண்டு வாருங்கள். ஆகஸ்டு 4-ம் தேதி என்னை விடுவிக்கிறார்கள். அதற்கு முன்னால் நாலு நாள் பட்டறையை மூடுங்கள், இந்தத் தடவை காரணத்தோடு. மழையில் இந்த மலையை நீங்கள் பார்க்க வேண்டும். தெருவே மருதாணிக் குழம்புக்காரரைப் பார்க்கக் காத்திருக்கிறது.

ருக்சானா


தாராவி
18 ஜனவரி 2026

மதிப்பிற்குரிய சுப்புலக்ஷ்மி மேடத்துக்கு,

வணக்கம். பாலக்காட்டில் தங்கை வீட்டில் நலமாக இருக்கிறீர்களா? முழங்கால் தேவலையா? எண்ணெய்ச் சிகிச்சை பலன் தருகிறதா? போனில் பேசினால் பாதி மறந்துபோகிறது, எழுதி அனுப்பு என்று நீங்கள் கேட்டபடி எழுதுகிறேன்.

விசாரணை முடிந்துவிட்டது. போன வாரம் உத்தரவு கைக்கு வந்தது. இரண்டு குற்றமும் நிரூபணமாகவில்லை. நான் அடம் பிடித்துப் பார்த்த அந்தப் பதிவேட்டிலேயே எல்லாம் இருந்தது மேடம். நான் தொலைத்ததாக அவர்கள் சொன்ன ஃபைல், துணை இயக்குநரின் அறைக்குப் போனதற்கு அவருடைய உதவியாளரே போட்ட கையெழுத்து இருந்தது. அதைப் பார்த்துவிடக் கூடாது என்றுதான் என்னை மலைக்கு அனுப்பினார்கள். விசாரணை அதிகாரி அந்தப் பக்கத்தை நகலெடுத்து ஃபைலில் சேர்க்கச் சொன்னார். துணை இயக்குநருக்கு இந்தப் பதவியில் மூன்று வருடம் முடிந்திருந்தது. அவரை வேறு ஊருக்கு மாற்றியிருக்கிறார்கள். காரணமெல்லாம் ஒழுங்காக எழுதித்தான் மாற்றினார்கள், நானே பதிந்தேன்.

தட்காவில் என் நாற்காலிக்கு நந்துர்பார் பெண் ஒருத்தி வந்திருக்கிறாள். அன்றன்றைக்கே சீல் போடுவதாக எழுதியிருந்தாள். சந்தோஷமாக இருந்தது.

இனி வீட்டுக்காரர் சமாச்சாரம். அவர் இப்போது எங்கள் சந்தின் மனுக்காரர். பட்டறைக்குப் பை வாங்க வருகிறவர்களைவிட மனு எழுத வருகிறவர்கள் அதிகம். பக்கத்து வீட்டுப் பூமாரிக்குக் குடிநீர் இணைப்பு ஏன் வரவில்லை, எதிர்வீட்டுப் பீவியின் முதியோர் உதவி எங்கே நிற்கிறது, எல்லாவற்றையும் கேட்டு எழுதுகிறார். ஜுவைரியா டைப் அடிக்கிறாள். ஞாயிற்றுக்கிழமை அவரிடம் தமிழ் படிக்கிறாள். ‘ழ’ வந்துவிட்டது, ‘ற’ இன்னும் தகராறு.

போன செவ்வாய்க்கிழமை நான் தபால் சன்னலில் உட்கார்ந்திருந்தேன். குனிந்தபடி அடுத்தவரின் காகிதத்தை வாங்கினேன். கையெழுத்து தெரிந்த கையெழுத்தாக இருந்தது. நிமிர்ந்து பார்த்தால் இஸ்திரி போட்ட சட்டையில் என் வீட்டுக்காரர். யாருக்காகவோ எங்கள் அலுவலகத்திலேயே தகவல் கேட்டு மனு. காலையில் வீட்டில் மூச்சு விடவில்லை! நான் சிரிக்கவில்லை மேடம். மனுவை முழுக்கப் படித்தேன். முகவரியில் பின்கோடு இல்லை.

“பின்கோடு போடலியே. எழுதிட்டு மறுபடி லைன்ல வாங்க” என்றேன்.

“சரிங்க மேடம்” என்று வாங்கிக்கொண்டு, பதினொரு பேருக்குப் பின்னால் போய் நின்றார். அவருக்கு முன்னால் நின்றவர் திரும்பி, “என்ன பாய், திருப்பி அனுப்பிட்டாங்களா? ரொம்பக் கண்டிப்போ?” என்று கேட்டது எனக்கு நன்றாகவே கேட்டது.

“ஆமாண்ணே. ஒரு எழுத்து கொறஞ்சாலும் வாங்க மாட்டாங்க” என்றார் இவர். குரலை அவ்வளவு உயர்த்த வேண்டியதே இல்லை. வரிசை முழுக்கத் திரும்பிப் பார்த்தது.

“ஒங்களுக்கு எப்பிடித் தெரியும்?”

“எம் பொஞ்சாதிதாண்ணே!”

உங்கள் ஆசியை வேண்டும்
ருக்சானா